அச்சாறு போடுவோம், அளவறிந்து போடுவோம்



1990 ஆகஸ்டில் யுத்தம் தீவகத்துக்குள் வந்தபோது, சாட்டி, வேலணை மக்கள் தோட்டத்தையும் கிணற்றையும் விட்டுக் குடாநாட்டுக்குள் இடம்பெயர்ந்தார்கள். 1995 ஒக்டோபரில் வலிகாமத்திலிருந்து மறுபடியும் பெயர வேண்டி வந்தது. நிவாரணமாக அரிசி, மா, பருப்பு, சீனி கிடைத்தன. மரக்கறி கிடைப்பது அரிது. அந்நாட்களில் ஒரு போத்தல் ஊறுகாய் சோற்றுக்குக் கறியாயிற்று. இன்றும் பிறர் காணியில் பயிரிடும் குடும்பத்துக்கு இது உதவும். விலை விழும் நாளில் விளைச்சலை அள்ளிக் கொடுத்துவிடாமல் காத்து வைக்கலாம்.

ஆனால் தவறாகப் போட்ட அச்சாறு உயிருக்கே ஆபத்தாகலாம். ஆகவே முதலில் காரணத்தை அறிவோம்.

எது காக்கிறது?

மரக்கறியைக் கெடுக்கும் கிருமிகளில் ஒன்று மண்ணிலே வாழ்வது. அதன் வித்துகள் கொதிநீரிலும் சாவதில்லை. காற்றுப் புகாத போத்தலில், புளிப்புக் குறைந்த உணவில் அவை முளைத்து நஞ்சை உண்டாக்கும். அந்த நஞ்சுக்கு மணமோ சுவையோ இல்லாமலும் இருக்கலாம். நல்ல புளிப்பில் அவை முளைக்க மாட்டா. எனவே காவல் வினாகிரியே. அதை மிச்சம் பிடிக்கத் தண்ணீர் கலந்தால் காவல் குறைந்துவிடும். வெறும் உப்புநீரில் மரக்கறியை அடைத்து மூடி வைப்பதும் கூடாது.

தேவையானவை

சின்ன வெங்காயம், கரட், போஞ்சி, பப்பாசிக்காய் எல்லாமாக 1 கிலோ. பச்சை மிளகாய் 100 கிராம். 5 சதவீத வினாகிரி 1 லீற்றர். கடுகு 2 மேசைக்கரண்டி. உள்ளி 10 பல். இஞ்சி ஒரு துண்டு. உப்பு 3 மேசைக்கரண்டி. சீனி 2 மேசைக்கரண்டி.

போத்தலில் 4 சதவீதம் என்று இருந்தால், சிறிதளவாகச் செய்து குளிர்சாதனப் பெட்டியில் வைத்துச் சில வாரங்களுள் உண்டு முடியுங்கள். வீட்டில் கள்ளில் எடுத்த வினாகிரியின் பலம் தெரியாது. அதை அன்றாடச் சம்பலுக்கு வைத்துக்கொள்ளுங்கள். அடைத்து வைக்கும் அச்சாறுக்கு வேண்டாம்.

செய்முறை

1. மரக்கறியை நல்ல தண்ணீரில் கழுவி மெல்லிதாக நறுக்குங்கள். உப்பிட்டு 3 மணி நேரம் வைத்துப் பிழிந்து வடியுங்கள். உள்ளிருக்கும் நீர் வெளியேறினால்தான் வினாகிரி நீர்த்துப் போகாது.

2. கடுகு, உள்ளி, இஞ்சியைச் சிறிது வினாகிரியுடன் அரையுங்கள். எனாமல் அல்லது எவர்சில்வர்ப் பாத்திரத்தில் மீதி வினாகிரியையும் சீனியையும் சேர்த்துக் கொதிக்க வையுங்கள். அலுமினியம் வேண்டாம், புளிப்பு அதை அரிக்கும்.

3. மரக்கறியையும் மிளகாயையும் போட்டு 5 நிமிடம் கொதிக்க விடுங்கள்.

4. அவித்த சூடான கண்ணாடிப் போத்தல்களில் நிரப்புங்கள். மரக்கறி வினாகிரியில் மூழ்கியிருக்க வேண்டும். மேலே அரை அங்குலம் இடம் விட்டுப் புதிய மூடி போடுங்கள்.

5. பெரிய பானையின் அடியில் துணி விரித்து, போத்தல்களை வைத்து, மூடிக்கு மேல் ஓர் அங்குலம் நிற்க வெந்நீர் ஊற்றுங்கள். கொதி வந்தபின் 15 நிமிடம் எண்ணுங்கள். சாட்டியில் நல்ல தண்ணீர் உண்டு; தீவகத்தின் வேறு சில இடங்களில் கிணற்று நீர் உவராக இருக்கும். போத்தல் அவிக்கச் சற்று உவரான நீரும் போதும்.

மறுநாள் மூடியின் நடு உள்வாங்கியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லையெனில் அதைக் குளிரில் வைத்து விரைவில் உண்ணுங்கள். பின்னர் மூடி உப்பினாலோ, திறக்கும்போது நுரைத்தாலோ சுவைத்துப் பார்க்காதீர்கள். கோழியும் நாயும் கிளறாதபடி ஆழப் புதையுங்கள்.

அப்பம் பகிர்ந்த பின் மிஞ்சிய துண்டுகளையும் வீணாகாமல் சேர்க்கச் சொன்னார் ஆண்டவர். சேர்த்தவை 12 கூடைகள். நாமும் சேர்ப்போம், ஆனால் கவனமாகச் சேர்ப்போம்.

குழுவாகக் கலந்துரையாட:

1. நம் பகுதியில் எந்த மரக்கறி எந்த மாதத்தில் விலை விழுகிறது?

2. வினாகிரியையும் மூடிகளையும் பல குடும்பங்கள் சேர்ந்து மொத்தமாக வாங்கினால் எவ்வளவு மிச்சமாகும்?

3. முதற் போத்தலை விற்க வேண்டுமா, வீட்டுப் பிள்ளைகளுக்கு வைக்க வேண்டுமா?