சட்டம் அறிவோம்: மனநோய் வந்தவரைக் கட்டிப்போட யாருக்கும் உரிமை இல்லை



இந்த மாதப் பாடம் கொஞ்சம் கனமானது. சேமிப்பு, கடன் கணக்கு எல்லாம் முடிந்த பிறகு குழுவில் ஒருவர் சத்தமாக வாசிக்க, மற்றவர்கள் கேளுங்கள். இடையில் நிறுத்திப் பேசுங்கள். ஒரே கூட்டத்தில் முடியாவிட்டால் அடுத்த கூட்டத்தில் தொடரலாம், அவசரமில்லை.

நம்ம கடற்கரையில் ஏர்வாடியைத் தெரியாதவர் யார்? மனசு சரியில்லாதவர்களை தர்காவுக்குக் கூட்டி வந்து தங்க வைப்பது தலைமுறை தலைமுறையாக நடப்பது. முஸ்லிம், இந்து, கிறிஸ்தவர் என்ற பேதமில்லாமல் வருகிறார்கள். வெளிமாநிலத்துக்காரர்களும் உண்டு. வந்தவர்களில் பலர் மாதக்கணக்கில் தங்க வேண்டியிருந்ததால், தர்காவைச் சுற்றித் தனியார் காப்பகங்கள் முளைத்தன. குடும்பத்தார் பணத்தைக் கட்டி ஆளை ஒப்படைத்துவிட்டு ஊருக்குப் போய்விடுவார்கள்.

அப்படி ஒரு காப்பகம்தான் மொய்தீன் பாதுஷா மனநலக் காப்பகம். 2001 ஆகஸ்ட் 6, விடியற்காலை. ஓலைக் கொட்டகையில் தீப்பிடித்தது. உள்ளே நாற்பதுக்கும் மேற்பட்டவர்கள், அதில் பெரும்பாலானோர் சங்கிலியால் கட்டப்பட்டிருந்தார்கள். ஓட முடிந்தவர் ஓடினார், கட்டியிருந்தவர் அங்கேயே கருகினார். பெண்களும் அதில் இருந்தார்கள். மொத்தம் 28 உயிர். உச்ச நீதிமன்ற வழக்கின் பெயரில் 25 பேர் என்றுதான் இருக்கும். அது முதலில் எடுத்த கணக்கு, பிறகு இறந்தவர்களையும் சேர்த்தால் 28. தர்காவுக்குள் தீப்பிடித்தது என்று இன்றைக்கும் சிலர் சொல்கிறார்கள். அது தவறு, தனியார் காப்பகத்தில் நடந்தது.

ஒரு வாரத்துக்குள் அரசாங்கம் அந்த மாதிரிக் காப்பகங்களையெல்லாம் மூடியது. 500க்கும் மேற்பட்டவர்கள் அரசுப் பொறுப்பில் எடுக்கப்பட்டார்கள். ராமதாஸ் தலைமையில் விசாரணை ஆணையம் வைத்தார்கள். உச்ச நீதிமன்றம் யாரும் மனுப் போடாமலே தானாக வழக்கை எடுத்து, 2002ல் எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவு போட்டது. காப்பகம் நடத்தியவர்களுக்கு 2007ல் தண்டனை கிடைத்தது.

இதில் நாம் யோசிக்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. அப்போதும் சட்டம் இருந்தது. 1987ஆம் ஆண்டு மனநலச் சட்டம், 1993லிருந்து நடைமுறையில் இருந்தது. மனநோயாளிகளை வைத்துப் பார்க்கும் இடத்துக்கு லைசென்ஸ் வேண்டும், ஒருவரை அவர் சம்மதம் இல்லாமல் சேர்க்க டாக்டர் சான்றோ மாஜிஸ்திரேட் உத்தரவோ வேண்டும் என்றெல்லாம் அதில் எழுதியிருந்தது. ஏர்வாடிக் கொட்டகைக்கு அந்தச் சட்டம் எட்டவில்லை. ஆளைக் கொண்டுவந்து விட்டவர்களுக்கும் தெரியாது, கேட்க வேண்டியவர்களும் கேட்கவில்லை. சட்டம் நமக்குத் தெரியாமல் புத்தகத்திலேயே கிடந்தால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டாம். அதனால்தான் இந்தப் பாடம்.

இப்போது நடைமுறையில் இருப்பது மனநலப் பராமரிப்புச் சட்டம், 2017. இது 2018லிருந்து அமலுக்கு வந்தது. பழைய சட்டம் மனநோயாளியை எங்கே அடைப்பது, யார் அடைப்பது என்று பார்த்தது. புதுச் சட்டம் அவரையும் உரிமை உள்ள மனுஷியாக, மனுஷனாகப் பார்க்கிறது. அதன் 95ஆம் பிரிவு சொல்கிறது: மனநோய் உள்ளவரை எந்த விதத்திலும், எந்த வடிவத்திலும் சங்கிலியால் கட்டக் கூடாது. மயக்க மருந்து கொடுக்காமல் ஷாக் ட்ரீட்மென்ட் கூடாது. சிறுவர் சிறுமியருக்கு ஷாக் கூடாது. மனநோய்க்கு வைத்தியம் என்று சொல்லிக் கருத்தடை ஆபரேஷன் செய்யவே கூடாது. சட்டத்தை மீறினால் முதல் தடவை ஆறு மாதம் வரை ஜெயில், அல்லது பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

"அப்படின்னா வீட்டுல கட்டிப்போட்டவளும் குத்தவாளியா?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. கருக்கலில் பாசி எடுக்கக் கடலுக்குப் போக வேண்டிய ஒரு தாய், மகன் ரோட்டில் ஓடி வண்டியில் அடிபட்டுவிடுவானோ என்று பயந்து, தூணில் கட்டிவிட்டுப் போகிறாள். வந்து அவிழ்த்துவிட்டுச் சோறு ஊட்டுகிறாள். அவளைத் திட்ட நமக்கு வாய் வரவில்லை. அவளுக்குக் கை கொடுக்க யாரும் இல்லாததுதான் கயிறாக மாறியிருக்கிறது. ஆனாலும் தீ வந்தால் கயிறுக்குப் பாசம் தெரியாது. அந்தத் தாயை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போவதும், அவள் போய் வரும் நேரத்தில் பக்கத்து வீட்டில் ஒருவர் பார்த்துக்கொள்வதும் குழுவால் முடியும் காரியம். மாத்திரை ஒழுங்காகப் போனால் கட்டும் அவசியமே பெரும்பாலும் வராது.

சரி, சம்மதம் இல்லாமல் ஒருவரை ஆஸ்பத்திரியில் சேர்க்கலாமா? சேர்க்கலாம், ஆனால் நினைத்தவர் நினைத்தபடி இல்லை. முதலில், தானாக வந்து சேர்கிறவர் தானாகவே வெளியே போகலாம். மிஞ்சினால் டாக்டர் 24 மணி நேரம் வரை நிறுத்தி வைத்துப் பரிசோதிக்கலாம், அவ்வளவுதான். சேர மறுக்கிறவர் விஷயத்தில் மூன்றில் ஒன்று இருக்க வேண்டும்: சமீபத்தில் தன் உயிருக்கோ உடம்புக்கோ ஆபத்து செய்ய முயன்றிருக்க வேண்டும் அல்லது மிரட்டியிருக்க வேண்டும், அடுத்தவரைத் தாக்கியிருக்க வேண்டும், அல்லது அவரால் அடுத்தவர்கள் பயப்படும்படி இருக்க வேண்டும், இல்லையென்றால் தன்னைத் தானே பார்த்துக்கொள்ள முடியாமல் ஆபத்தில் இருக்க வேண்டும். இதை ஒரு மனநல டாக்டரும், இன்னொரு டாக்டர் அல்லது மனநலப் பணியாளரும் தனித்தனியாகப் பார்த்து எழுத வேண்டும். ஒருவர் எழுதியதை மற்றவர் காப்பியடிக்கக் கூடாது. அந்த நோயாளியின் நியமனப் பிரதிநிதி விண்ணப்பம் தர வேண்டும். அப்படிச் சேர்த்தாலும் 30 நாள்தான்.

30 நாளுக்கு மேல் வைக்க வேண்டுமென்றால் இரண்டு மனநல டாக்டர்கள் பார்க்க வேண்டும், மனநல சீராய்வு மன்றம் ஒப்புதல் தர வேண்டும். நீதிபதி, டாக்டர், நோயில் இருந்து மீண்டவர் அல்லது பராமரிப்பவர் போன்றோர் உட்காரும் மன்றம் இது. பெண்ணையோ சிறுவரையோ சம்மதமில்லாமல் சேர்த்தால் மூன்று நாளுக்குள் இந்த மன்றத்துக்கு ஆஸ்பத்திரி தகவல் சொல்லியாக வேண்டும். மற்றவர்களுக்கு ஏழு நாள். பெண்ணுக்கு ஏன் சீக்கிரம் என்று விளக்க வேண்டியதில்லை, உங்களுக்கே தெரியும். "என்னை அநியாயமாச் சேர்த்துட்டாங்க" என்று நோயாளியே மன்றத்துக்கு எழுதலாம். இலவச வக்கீல் கேட்கலாம். போன் பேச, ஆள் பார்க்க அவருக்கு உரிமை உண்டு.

ஒரு பெண்ணுக்குப் பைத்தியப் பட்டம் கட்டுவது சுலபம். சாதி மாறிக் கல்யாணம் பண்ணுவேன் என்றால் பைத்தியம், மாமியாரை எதிர்த்துப் பேசினால் பேய், சொத்தில் பங்கு கேட்டால் மூளை கோளாறு. சட்டத்தின் 3ஆம் பிரிவு இதைத் தடுக்கிறது. ஊர் வழக்கத்துக்கோ மத நம்பிக்கைக்கோ ஒத்துப் போகவில்லை என்பதை வைத்து ஒருவருக்கு மனநோய் என்று முடிவு செய்யக் கூடாது. முன்னே ஒரு தடவை வைத்தியம் பார்த்தார் என்பதும் இன்றைக்கு நோய் இருப்பதற்கு ஆதாரம் ஆகாது. பிள்ளை பெற்ற பிறகு மனச்சோர்வு வந்து மாத்திரை சாப்பிட்ட மருமகளை, அந்தச் சீட்டைக் காட்டியே விலக்கிவிடப் பார்க்கும் வீடுகளுக்கு இது தெரிய வேண்டும். மூன்று வயதுக்குக் கீழ் குழந்தை இருந்தால், தாய் ஆஸ்பத்திரியில் இருக்கும்போது பொதுவாகப் பிரிக்கக் கூடாது. குழந்தைக்கு ஆபத்து இருந்தால் மட்டும் கொஞ்ச காலம் பிரிக்கலாம்.

இன்னும் சின்னதாகத் தோன்றும், ஆனால் பெரிய விஷயங்கள். கட்டாயமாக மொட்டை அடிக்கக் கூடாது. விரும்பினால் சொந்த உடை உடுத்தலாம். மாதவிலக்கு நாப்கின் கொடுக்க வேண்டும். குளிக்கவும் உடை மாற்றவும் மறைவு வேண்டும். காப்பகத்தில் வேலை செய்யச் சொல்லிக் கட்டாயப்படுத்தக் கூடாது, செய்தால் கூலி தர வேண்டும். காப்பகத்தில் யாரையாவது பார்க்கப் போனால் இதையெல்லாம் கண்ணால் பாருங்கள். பதிவுச் சான்றிதழ் எங்கே என்று கேளுங்கள். கேட்பதற்கு வெட்கம் வேண்டாம்.

ராமேஸ்வரம் ரயிலடியிலோ, கோயில் வீதியிலோ, பாம்பன் ரோட்டிலோ சுயநினைவில்லாமல் திரியும் ஒரு பெண்ணைப் பார்த்தால் என்ன செய்வது? போலீஸில் சொல்லுங்கள். அவரைப் பாதுகாப்பில் எடுப்பது அவர்கள் கடமை. லாக்கப்பில் வைக்கக் கூடாது. 24 மணி நேரத்துக்குள் அரசு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும், குடும்பத்தைத் தேட வேண்டும். அதே போல ஒரு வீட்டுக்குள்ளேயே ஒருவரை அடைத்து வைத்துக் கொடுமைப்படுத்துவது தெரிந்தால், அதையும் யார் வேண்டுமானாலும் போலீஸில் சொல்லலாம். அவர்கள் மாஜிஸ்திரேட்டுக்கு அறிக்கை கொடுக்க வேண்டும். மாஜிஸ்திரேட் பரிசோதனைக்காகப் பத்து நாள் வரை ஆஸ்பத்திரியில் சேர்க்க உத்தரவிடலாம்.

"டாக்டரிடம் போனால் தர்காவுக்குப் போகக் கூடாதா?" என்பது அடுத்த கேள்வி. அப்படி யாரும் சொல்லவில்லை. ஏர்வாடியிலேயே தவா-துவா என்று அரசுத் திட்டம் வந்தது. தவா என்றால் மருந்து, துவா என்றால் பிரார்த்தனை. தர்காவுக்கு வருகிறவர்களுக்கு அங்கேயே மனநல டாக்டர் பார்த்து மாத்திரை கொடுக்கும் ஏற்பாடு. ஓதிக் கயிறு கட்டிக்கொண்டு மாத்திரையும் சாப்பிடலாம். மாத்திரையை நிறுத்தச் சொல்கிறவரிடம்தான் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்.

மருந்துக்கு ராமநாதபுரம் அரசு மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. வறுமைக் கோட்டுக்குக் கீழே உள்ளவர்களுக்கும், ஆதரவற்றோருக்கும், கார்டு இல்லாவிட்டாலும் அரசு மனநல வைத்தியம் இலவசம் என்பது சட்டம். ஆனால் தொண்டியிலிருந்தும் சாயல்குடியிலிருந்தும் பஸ் ஏறி வர ஒரு நாள் கூலி போகிறது. அதைச் சட்டம் தருவதில்லை. குழுக்கள் அவசரக் கடன் கொடுக்கும்போது பிரசவம், காய்ச்சல் மாதிரி இதையும் சேர்க்க வேண்டும் என்பது எங்கள் கருத்து.

கடைசியாக ஒரு காகித வேலை. மேலே நியமனப் பிரதிநிதி என்று சொன்னோம் அல்லவா? நமக்கு முடியாமல் போனால் நமக்காக நின்று பேசும் ஆள் அவர். வெள்ளைத் தாளில் எழுதி, கையெழுத்தோ கைநாட்டோ வைத்து, 18 வயது ஆன யாரையும் நியமிக்கலாம். புருஷனாகவோ அண்ணனாகவோதான் இருக்க வேண்டும் என்றில்லை. அம்மா, அக்கா, மதினி, கூட இருக்கும் குழு உறுப்பினர், யாராகவும் இருக்கலாம். அவரும் சம்மதம் என்று எழுதித் தர வேண்டும். நாம் எழுதி வைக்காவிட்டால் உறவினர்தான் முதலில் வருவார். அந்த உறவினர் நல்லவராக இருந்தால் சரி. மனசு மாறினால் எப்போது வேண்டுமானாலும் வேறு ஆளை எழுதலாம். இந்த மாதக் கூட்டத்திலேயே விருப்பமுள்ளவர்கள் எழுதி, ஒரு நகலை ரேஷன் கார்டோடு வைத்துக்கொள்ளுங்கள்.

மனம் சரியில்லை என்றால் 14416க்கு இலவசமாகப் பேசலாம். இது டெலி-மானஸ் என்ற அரசு எண், எந்நேரமும் தமிழில் பேசுவார்கள். சட்ட உதவிக்கு 15100. பெண்களுக்கு 181. மூன்றையும் தீர்மான நோட்டின் அட்டையில் எழுதி வையுங்கள்.