முட்டிச் சில்லுக்கு அடியில் வலி

கேள்வி: என் மகளுக்கு வயது 24. கூலிம் தொழிற்சாலையில் வேலை. படி இறங்கினாலே முட்டி வலிக்கிறது. சில்லுக்கு அடியில் குருத்தெலும்பு மென்மையாகிவிட்டதாம். அறுவை சிகிச்சை வேண்டுமா?
– வாசகி, பீடோங்

பதில்: பெரும்பாலும் வேண்டாம், அம்மா. தொடையின் முன்தசையும் இடுப்புத் தசையும் வலுவிழந்தால், சில்லு தன் பள்ளத்தில் நேராக ஓடாமல் ஒரு பக்கமாக உரசும். தட்டைப் பாதம், பழைய அடி, திடீரெனக் கூடிய வேலை ஆகியவையும் காரணமாகலாம். குந்தும்போது சில்லின் மீது உடல் எடையைவிடப் பல மடங்கு பாரம் ஏறுகிறது. தோட்டத்தில் தாழ்ந்த பட்டைக்குக் குனிந்து பால்மரம் வெட்டி, மேட்டிலும் பள்ளத்திலும் வாளி சுமந்த நம் தாய்மார்கள் பலர், முட்டி வலியை வயதின் மேல் போட்டுப் பொறுத்துக்கொண்டார்கள். உங்கள் மகள் பொறுக்க வேண்டியதில்லை.

முதல் மருந்து உடற்பயிற்சிதான். மல்லாந்து படுத்து, நல்ல காலை மடக்கி, வலிக்கும் காலை நீட்டித் தொடையை இறுக்கி, ஓரடி உயரம் தூக்கி 5 விநாடி நிறுத்தட்டும். காலையும் மாலையும் 10 முறை. பலன் தெரியச் சில வாரங்கள் ஆகும். அதுவரை குந்துவதைக் குறைக்கட்டும். வலி மாத்திரை தற்காலிகம்தான். முட்டி வீங்கினாலோ பூட்டிக்கொண்டாலோ தாமதிக்காமல் டாக்டரைப் பாருங்கள். அரசாங்கக் கிளினிக்கில் கடிதம் வாங்கி, சுங்கை பட்டாணி சுல்தான் அப்துல் ஹாலிம் மருத்துவமனையில் பிசியோதெரபிக்கு அழைத்துப் போங்கள்.