லிஃப்டில் ஏறினால் வயிறு ஏன் கலங்குகிறது?

ஊரிலிருந்து பெங்களூருக்குப் பிள்ளைகள் வீட்டுக்கு வரும் பெரியவர்கள் சிலர், முழங்கால் வலியோடு நான்கு மாடி படியேறினாலும் ஏறுவார்களே தவிர, லிஃப்டில் கால் வைக்க மாட்டார்கள். "விருட்டென்று போகிறது, வயிற்றைக் கலக்குகிறது. கயிறு அறுந்தால் என்ன கதி?" என்பார்கள். நான் டிப்ளமா படித்து, ரயில்வேயில் பொறியாளராக இருந்து ஓய்வு பெற்றவன். ரயிலுக்கும் லிஃப்டுக்கும் விதிகள் ஒன்றே. அந்தத் துணிவில் இந்த விளக்கத்தை எழுதுகிறேன்.

வேகம் எவ்வளவு?

1857-இல் நியூயார்க்கில் ஒரு கடையில் ஓட்டிஸ் நிறுவனம் அமைத்த பயணிகள் லிஃப்ட், விநாடிக்கு 20 சென்டிமீட்டர்தான் ஏறியது. இன்று நம் அடுக்குமாடி வீடுகளில் உள்ளவை பெரும்பாலும் விநாடிக்கு 1 மீட்டர் அல்லது 1.5 மீட்டர் வேகத்தில் செல்பவை. 1 மீட்டர் என்றால் மணிக்கு 3.6 கி.மீ.; பூங்காவில் மெல்ல நடக்கும் வேகம். சீனாவின் குவாங்சோ நகரக் கோபுரம் ஒன்றில் விநாடிக்கு 21 மீட்டர் வேகம் எட்டியது 2019-இல் உலக சாதனையாகப் பதிவாயிற்று. அதுவும் மணிக்கு 75.6 கி.மீ.தான். நம் எக்ஸ்பிரஸ் ரயில்கள் அதைவிட விரைவாக ஓடுகின்றன.

உடல் எதை உணர்கிறது?

மணிக்கு 110 கி.மீ. வேகத்தில் ஒரே சீராக ஓடும் ரயிலில் கண்ணை மூடிக்கொண்டால் வேகமே தெரியாது. ரயில் கிளம்பும்போதும் பிரேக் பிடிக்கும்போதும்தான் உடல் சாய்கிறது. வேகத்தை உடல் அறிவதில்லை. வேகம் மாறுவதை மட்டுமே அறிகிறது. லிஃப்டிலும் அப்படியே. கிளம்பும் கணமும் நிற்கும் கணமும்தான் வயிற்றில் தெரிகின்றன.

வீட்டில் எடை பார்க்கும் கருவி இருந்தால் பிள்ளைகளோடு இதைச் சோதித்துப் பாருங்கள். லிஃப்டின் வேகம் ஒவ்வொரு விநாடியும் விநாடிக்கு 1 மீட்டர் வீதம் கூடுகிறது என்று கொள்வோம். 60 கிலோ எடையுள்ளவர் மேலே கிளம்பும்போது கருவி சுமார் 66 காட்டும். நடுவழியில் 60. நிற்கப் போகும்போது 54. இறங்கும்போது இதற்கு நேர்மாறு. அந்த ஆறு கிலோ வித்தியாசம்தான் வயிற்றைக் கலக்குவது.

இந்த மாற்றம் திடீரென வந்தால் உலுக்கும். படிப்படியாக வந்தால் தெரியாது. கைதேர்ந்த ஓட்டுநர் ரயில் நிற்பதற்குச் சற்று முன் பிரேக்கைத் தளர்த்துவார். இரண்டே வேகம் கொண்ட பழைய லிஃப்ட் மோட்டார்களால் அது இயலவில்லை. இன்றைய மின்னணுக் கட்டுப்பாடு அதைத்தான் செய்கிறது.

உயரமும் வேகமும்

"எங்கள் பத்து மாடிக்கு இன்னும் வேகமான லிஃப்ட் போடக் கூடாதா?" என்று கேட்பவர்கள் உண்டு. மேற்சொன்ன சீரில் கிளம்பி நின்றால், 30 மீட்டர் ஏற 1 மீட்டர் வேக லிஃப்டுக்கு 31 விநாடி ஆகும். 1.5 மீட்டர் என்றால் சுமார் 22 விநாடி. 2.5 மீட்டர் என்றால் 15 விநாடி. அதற்குமேல் எவ்வளவு வேகம் கூட்டினாலும் 11 விநாடிக்குக் கீழே வராது. பாதி தூரம் வேகமெடுக்கவும் மீதி தூரம் வேகம் குறைக்கவுமே சரியாகிவிடும். குவாங்சோவின் 21 மீட்டர் வேகத்தை இதே சீரில் எட்டி, மீண்டும் நிற்க 441 மீட்டர் உயரம் வேண்டும். எம்.ஜி. சாலையில் நெடுங்காலம் பெங்களூரின் மிக உயர்ந்த கட்டடமாக நின்ற 25 மாடி யுடிலிட்டி பில்டிங் சுமார் 106 மீட்டர்தான்.

காது அடைப்பது ஏன்?

உயரே போகப் போகக் காற்றழுத்தம் குறையும். 100 மீட்டருக்கு ஏறத்தாழ நூற்றில் ஒரு பங்கு. ஏறும்போது காதுக்குள் உள்ள காற்று எளிதில் வெளியேறிவிடும். இறங்கும்போது உள்ளே நுழையத் திணறும். இதனால்தான் தைப்பே 101 கட்டடத்து லிஃப்ட் நிமிடத்துக்கு 1,010 மீட்டர் வேகத்தில் ஏறினாலும், 600 மீட்டர் வேகத்தில்தான் இறங்குகிறது. 2001-இல் மூடப்படும் வரை கோலார் தங்கவயலில் கூண்டேறிப் பூமிக்குள் இறங்கிய நம் தமிழ்த் தொழிலாளர்களின் காதுகள் இதை நன்கு அறியும். அங்கே சுரங்கம் 3 கி.மீ.க்கும் ஆழமாகச் சென்றது. எச்சில் விழுங்கினால் அடைப்பு விலகும்.

கயிறு அறுந்தால்?

லிஃப்ட் ஒற்றைக் கயிற்றில் தொங்குவதில்லை. பல எஃகுக் கயிறுகள் உண்டு. அளவுமீறிய வேகத்தில் இறங்கினால், பெட்டியின் அடியில் உள்ள பிடிகள் இருபுறத் தண்டவாளங்களையும் கவ்விக்கொள்ளும். பிரேக்கைப் பிடிப்பது சுருள்வில். அதை விடுவிப்பதுதான் மின்சாரம். மின்சாரம் போனால் பிரேக் தானே பிடிக்கும். ரயிலிலும் பிரேக் குழாய் துண்டானால் வண்டி ஓடாது, நின்றுவிடும். இரண்டிலும் கோளாறு வந்தால் நிற்கும்படியே அமைத்திருக்கிறார்கள்.

உண்மையான ஆபத்து கயிற்றில் இல்லை, கதவில் இருக்கிறது. கதவு திறந்ததும் பெட்டி இருக்கிறதா என்று பார்த்தே காலை வையுங்கள். நடுவில் நின்றுவிட்டால் கதவை நெம்பாதீர்கள். அழைப்பு மணியை அழுத்திக் காத்திருங்கள். பெட்டியில் காற்றுத் துளைகள் உண்டு, மூச்சு முட்டாது. தீப்பிடித்தால் மட்டும் படிக்கட்டுதான்.

பெரியவர்களை முதல்முறை அழைத்துச் செல்லும்போது, சுவரோரம் சாய்ந்து கைப்பிடியைப் பிடிக்கச் சொல்லுங்கள். "இப்போது கிளம்பும், இப்போது நிற்கும்" என்று முன்கூட்டியே சொல்லுங்கள். கலக்கம் அந்த இரண்டு கணங்களில்தான் என்று தெரிந்துவிட்டால், மூன்றாம் நாள் அவர்களே பொத்தானை அழுத்துவார்கள்.