நினைவும் திரிபும்

நினைவு என்பது கண்டதையும் கேட்டதையும் அவ்வாறே பூட்டிவைக்கும் பேழை என்று நம்மிற் பலர் கருதுகின்றோம். உளநூல் வல்லார் கூறுவது வேறு. நினைவு இருவகையால் மாறும்: ஒன்று தேய்தல், மற்றொன்று திரிதல்.

தேய்தலை அளந்து காட்டியவர் செருமானிய அறிஞர் எபிங்கௌசு. பொருளற்ற அசைகளைத் தாமே மனனஞ்செய்து, காலம் விட்டு மீளக் கற்றுச் சோதித்து, 1885ஆம் ஆண்டிலே தம் முடிபை வெளியிட்டார். கற்றதிற் பெரும்பகுதி முதல் நாளிலேயே அகல்கின்றது. எஞ்சியது மெல்லத் தேய்கின்றது.

திரிதலை ஆராய்ந்தவர் கேம்பிரிட்சு அறிஞர் பாட்லெற். அமெரிக்கப் பழங்குடியினரின் கதையொன்றை ஆங்கிலேயரைப் படிப்பித்து, பின்னர்ப் பன்முறை சொல்லச் செய்தார். கதை சுருங்கிற்று, விளங்காதவை விலகின, பழங்குடியினரின் தோணி ஆங்கிலேயரின் படகாயிற்று. இழந்த இடத்தை மனம் தனக்குப் பழகிய பொருளால் நிரப்பிக்கொள்கின்றது என அவர் 1932இல் எழுதினார்.

இதற்குச் சான்று தேடி நாம் கடல்கடத்தல் வேண்டா. முருங்கனிலிருந்து சிலாவத்துறை வீதியாற் கடற்கரையை அடைந்து அரிப்புக்குச் செல்வோமாயின், கடலரிப்பால் இடிந்துவரும் மாளிகையொன்றைக் காணலாம். ஊரார் அதனை அல்லிராணி கோட்டை என்பர். உண்மையில் அது கோட்டையுமன்று, அல்லி கட்டியதுமன்று. 1798 முதல் 1805 வரை இலங்கையை ஆண்ட முதலாவது ஆங்கிலத் தேசாதிபதி பிரெடறிக் நோர்த், முத்துக்குளிப்பை மேற்பார்வை செய்தற்பொருட்டு அமைத்த உறைவிடமே அது.

நோர்த்தின் பெயர் ஊர்வாயில் நில்லாமை ஏன்? அவரைப் பாடியவர் இலர். அல்லியோ கதையிலும் பாட்டிலும் வாழ்பவள். தெற்கேயுள்ள குதிரைமலையில் அரசுவீற்றிருந்தாள் என்பதும் கர்ணபரம்பரை. ஆகவே பழகிய பெயர் பழகாப் பெயரின் இடத்தைப் பற்றிற்று. எனினும் இத்திரிபு முற்றும் பொய்யன்று. ஆள்வோர் உறைந்த இடம் என்பதை ஊர்நினைவு கைவிடவில்லை. ஆண்டவர் யார் என்பதையே மாற்றிற்று.

மாளிகைக்கேனும் அரசாங்க ஏடுகள் சான்றாயுள. நம் ஊர்களுக்கு எவை உள? 1990இல் மன்னார் முஸ்லிம் மக்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். போர்க்காலத்திலே தமிழரும் பன்முறை இடம்பெயர்ந்தனர். ஏடுகளும் படங்களும் பல அழிந்தன. அயலிடத்திற் பிறந்த பிள்ளைகள் தம் ஊரின் கிணற்றையும் வயலையும் முதியோர் சொல்லாலேயே அறிந்தனர். அச்சொல்லும் ஆண்டுதோறும் தேய்கின்றது; திரிகின்றது.

ஆதலின் மாணவர் செய்யத்தக்கது இது: முதியோர் கூறுவதை இன்றே எழுதுக, கூறியவர் யார், எப்பொழுது என்பதையும் குறிக்க, இருவர் கூற்று முரணின் இரண்டையும் பேணுக. பழைய மாணவராகிய நாமும் நம் பள்ளிநாட் கதைகளைச் சேர்விடாப்போடும் குழுப்படங்களோடும் ஒப்புநோக்குவோமாக. மறதியைத் தடுத்தல் எவர்க்கும் இயலாது. காலத்தே எழுதிவைத்தல் யாவர்க்கும் இயலும்.