இதயக் காயமும் ஏழு இடங்களும்: மெடிக்கல் கோடிங்கில் 'எக்ஸ்' செய்யும் வேலை

மெடிக்கல் கோடிங் வேலைக்கு ஆட்கள் தேவை என்ற விளம்பரங்களைச் சென்னை, கோவை பக்கம் அடிக்கடி பார்த்திருப்பீர்கள். புரோகிராம் எழுதும் வேலை என்று நினைத்து விண்ணப்பித்த நண்பர் ஒருவர் எனக்கு உண்டு. இது அதுவல்ல. பெரும்பாலும் அமெரிக்க மருத்துவமனைகளில் டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, அந்த நோய்க்கோ காயத்துக்கோ உரிய குறியீட்டைத் தருவதுதான் இந்த வேலை. இன்ஷூரன்ஸ் பணம் கேட்க அந்தக் குறியீடு வேண்டும். நோயாளியின் ரெக்கார்டிலும் அதுவே நிற்கும்.

அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-சிஎம் என்ற தொகுப்பு பயன்பாட்டில் உள்ளது. அதில் அடிபட்டு இதயத்தில் ஏற்படும் காயங்களுக்கான பிரிவு எஸ்26. இதை மட்டும் இந்த மாதம் பார்ப்போம்.

எஸ், 2, 6 ஆகியவை முதல் மூன்று இடங்கள். புள்ளியைக் கணக்கில் சேர்க்கக் கூடாது. நான்காவது இடம் ஒரு கேள்வி கேட்கிறது: இதயத்தைச் சுற்றியுள்ள உறைக்குள் இரத்தம் தேங்கியிருக்கிறதா? ஆம் என்றால் 0, இல்லை என்றால் 1, குறிப்பில் தெளிவில்லை என்றால் 9. உறைக்குள் வேகமாக இரத்தம் சேர்ந்தால் இதயம் விரிய இடமில்லாமல் அமுங்கிவிடும், உயிருக்கே ஆபத்து. அதனால்தான் இந்தக் கேள்வி முதலில் வருகிறது. ஐந்தாவது இடம் காயத்தின் வகை. கன்றிய காயம் 1, கிழிசல் 2, வேறு வகை 9, வகை தெரியாவிட்டால் 0.

ஏழாவது இடம் சிகிச்சையின் கட்டம்: ஏ, டி அல்லது எஸ். ஆறாவது இடத்தில் சொல்ல எதுவும் இல்லையென்றால் அங்கே 'எக்ஸ்' போட வேண்டும். பஸ்ஸில் சீட்டுக்குத் துண்டு போடுவது மாதிரி. உதாரணமாக, உறைக்குள் இரத்தத்துடன் கன்றிய காயம்: எஸ்26.01-எக்ஸ்-ஏ. (சிறு கோடுகள் படிக்க வசதியாக நான் போட்டவை. குறியீட்டில் கிடையாது.)

நான் சறுக்கியது இங்கேதான். முன்பு வேலை பார்த்த ஒரு கம்பெனியில், குறியீடு ஆறு இடம் வரும்வரை எக்ஸ் போட்டு நிரப்பி, கடைசியில் ஏ சேர்க்கும் புரோகிராம் எழுதினேன். நான்கே வரிதான், பெருமையாகவும் இருந்தது. சோதனையின்போது எஸ்26.02-எக்ஸ்-ஏ என்று ஒன்றை அது தந்தது. சீனியர் கோடரான ஒரு அக்கா, முன்பு நர்ஸாக இருந்தவர், பார்த்ததும், "தம்பி, இப்படி ஒரு குறியீடே கிடையாதே!" என்றார்.

அவர் சொன்னது சரி. உறைக்குள் இரத்தத்துடன் கிழிசல் என்றால் ஆறாவது இடத்துக்கும் கேள்வி இருக்கிறது. கிழிசல் இதய அறைக்குள் போகவில்லை என்றால் 0, ஓர் அறைக்குள் போயிருந்தால் 1, பல அறைகளைத் துளைத்திருந்தால் 2. ஆனால் இரத்தம் தேங்காத கிழிசலுக்கு இந்தக் கேள்வி இல்லை. அதனால் எஸ்26.12-எக்ஸ்-ஏ சரி, எஸ்26.02-எக்ஸ்-ஏ தப்பு. என் புரோகிராம் நீளத்தை மட்டும் பார்த்தது. அறை துளைபட்டதா என்பது டாக்டர் சொல்ல வேண்டிய விஷயம். அவர் எழுதவில்லை என்றால் அவரிடம் கேட்டுத்தான் ஆகவேண்டும். எக்ஸ் போட்டு அதை மறைக்க முடியாது.

பிறகு புரோகிராமை மாற்றினேன். அமெரிக்க அரசின் சிஎம்எஸ் அமைப்பு ஆண்டுதோறும் குறியீடுகளின் டெக்ஸ்ட் ஃபைலை வெளியிடுகிறது. இலவசமாக டவுன்லோட் செய்யலாம். வரிசை எண்ணுடன் கூடிய ஃபைலில் ஒவ்வொரு வரியிலும் 15-வது இடத்தைப் பாருங்கள். 1 என்றால் பில்லில் போடலாம், 0 என்றால் வெறும் தலைப்பு. குறியீடுகள் அதில் புள்ளி இல்லாமல் இருக்கும், தேடும்போது கவனம்.

இன்னொரு தடுமாற்றம் 'ஏ'. இது முதல் தடவை வந்ததைக் குறிப்பதாகப் பலர் நினைக்கிறார்கள். காயத்துக்கு நேரடி சிகிச்சை நடக்கும்வரை ஏ-தான், எத்தனை டாக்டர் பார்த்தாலும் சரி. ஆறி வரும் கட்டத்தில் டி. காயம் விட்டுச்சென்ற பின்விளைவுக்கு எஸ்.

2015-க்கு முந்தைய ரெக்கார்டுகளில் ஐசிடி-9 இருக்கும். அங்கே இதயக் காயம் 861.0 அல்லது 861.1. மார்பில் திறந்த காயம் உண்டா என்பதே அங்கு பிரிவினை. உறைக்குள் இரத்தம் பற்றிப் பேச்சே இல்லை. ஆகவே பழையதைப் புதியதாக மாற்றும்போது, டாக்டரின் குறிப்பு கையில் இல்லாவிட்டால் நான்காவது இடத்தில் 9 போடுவதுதான் நேர்மை. எக்செல் வேறு படுத்தும். 861.10 என்று டைப் செய்தால் 861.1 ஆக்கிவிடும், 861.00 வெறும் 861 ஆகிவிடும். டைப் செய்வதற்கு முன்பே அந்த நெடுவரிசையை ஃபார்மேட் செல்ஸில் டெக்ஸ்ட் என்று மாற்றிவிடுங்கள்.

ஒரு பயிற்சி. கத்திக்குத்து, வலது கீழறை மட்டும் துளைபட்டிருக்கிறது, உறைக்குள் இரத்தம், அவசர ஆபரேஷன். விடை எஸ்26.021-ஏ. கூடவே மார்பின் திறந்த காயத்துக்கு எஸ்21 பிரிவிலிருந்து ஒன்று. எக்ஸ் எங்கே என்று தேடாதீர்கள், எஸ்26-ல் ஆறாவது இடத்தில் 1 உட்கார்ந்துவிட்டது.