நதிக்கரையில் நான்கு ஊர்கள்

கற்றல் நோக்கம்: பயணக் கட்டுரையைப் படித்துப் பொருள் உணர்தல், பதிவான செய்தியையும் செவிவழிக் கதையையும் வேறுபடுத்தி அறிதல், திசைச்சொற்களை இனங்காணுதல்.

பெருநகரத்தில் வாழ்வோர் விடுமுறை நாளில் அருகிலுள்ள சிற்றூர்களுக்குச் சென்று வருவது வழக்கம். ஆயினும், ஊரைப் பார்த்தல் வேறு; ஊரை அறிதல் வேறு. பழைய கட்டடத்தின்முன் நின்று நிழற்படம் எடுத்துத் திரும்புவோர் அதனைப் பார்த்தவர் ஆவர். அதனைக் கட்டியவர் யார், இவ்விடத்தில் ஏன் கட்டினர், பின்னர் அது யார் கைக்கு மாறியது என்று கேட்டுத் தெளிவோரே அதனை அறிந்தவர் ஆவர். அவ்வாறு அறியத் துணைபுரிபவர் பயண வழிகாட்டி.

கொல்கத்தாவுக்கு வடக்கே, ஹூக்ளி ஆற்றின் மேற்குக் கரையில் வரிசையாகச் சில ஊர்கள் அமைந்துள்ளன. ஹூக்ளி என்பது கங்கையின் கிளையாறு. பழங்காலத்தில் இப்பகுதியின் பெருந்துறைமுகமாக விளங்கியது சப்தகிராமம். அதனை அடுத்து ஓடிய சரசுவதி ஆறு தூர்ந்துபோனதால் வணிகம் ஹூக்ளிக் கரைக்கு நகர்ந்தது. பருத்தித் துணி, பட்டு, வெடியுப்பு ஆகியவற்றை நாடி ஐரோப்பியர் பலர் இங்கு வந்தனர். போர்த்துக்கீசியர் பாண்டேலிலும், டச்சுக்காரர் சின்சுராவிலும், பிரெஞ்சுக்காரர் சந்தன்நகரிலும், டேனியர் சீராம்பூரிலும் தங்கினர்.

கொல்கத்தாவில் வாழும் தமிழ்க் குடும்பம் ஒன்று ஒரு டிசம்பர் மாதத்தில் இவ்வூர்களைக் காண விரும்பியது. தந்தை, தாய், எட்டாம் வகுப்பில் பயிலும் மகள், ஐந்தாம் வகுப்பில் பயிலும் மகன் ஆகியோருடன் பாட்டியும் புறப்பட்டார். பாட்டி, தரங்கம்பாடியை அடுத்த பொறையாற்றிலிருந்து பேரக்குழந்தைகளைக் காண வந்திருந்தார்.

பயண ஏற்பாடு

தந்தை முதலில் ஒரு வழிகாட்டியுடன் தொலைபேசியில் பேசினார். எத்தனை மணி நேரப் பயணம், எந்தெந்த ஊர்கள், வழிகாட்டிக்குரிய ஊதியம் எவ்வளவு, வாடகை வண்டிக்கும் உணவுக்கும் தனியே செலவிட வேண்டுமா என்பனவற்றைத் தெளிவாகக் கேட்டுக் குறித்துக்கொண்டார்.

"இவ்வூர்களுக்கு ஹௌராவிலிருந்து புறநகர் மின்தொடர்வண்டியிலும் செல்லலாம், செலவு மிகவும் குறையும். ஆனால், முதியவர் ஒருவர் வருவதால் வண்டியே நல்லது" என்று வழிகாட்டி கூறினார். தமக்கு ஆதாயம் இல்லாத செய்தியையும் மறைக்காமல் கூறிய அவரிடம் தந்தைக்கு நம்பிக்கை பிறந்தது.

பனிமூட்டம் விலகாத காலைப் பொழுதில் வண்டி புறப்பட்டது. வழிகாட்டி பாட்டியை, "வாருங்கள், மாசிமா!" என்று வரவேற்றார். வங்காளிகள் வயதில் மூத்த பெண்மணியை 'மாசிமா' என்று அழைப்பர். தாயின் உடன்பிறந்தாள் என்பது அதன் பொருள். பாட்டி மகிழ்ந்து, "நன்றாக இருங்கள், தம்பி" என்றார். பாட்டிக்கும் வழிகாட்டிக்கும் இடையே மகள் மொழிபெயர்த்தாள்.

"நான்கு ஊர்களுள் தொலைவில் உள்ளது பாண்டேல். முதலில் அங்கே சென்று, ஆற்றின் போக்கிலேயே திரும்புவோம். களைப்பு மிகும்போது வீடு அருகில் இருக்கும். அன்றியும், ஐரோப்பியர் இங்கு வந்த வரிசையும் ஏறத்தாழ அதுவே" என்று வழிகாட்டி விளக்கினார்.

பாண்டேல்: செய்தியும் கதையும்

பாண்டேல் என்னும் பெயர் துறைமுகத்தைக் குறிக்கும் 'பந்தர்' என்னும் சொல்லிலிருந்து வந்தது என்பர். இங்குள்ள செபமாலை அன்னை தேவாலயம் போர்த்துக்கீசியரால் 1599ஆம் ஆண்டு நிறுவப்பெற்றது. 1632ஆம் ஆண்டு முகலாயப் பேரரசர் சாசகானின் படை ஹூக்ளியைத் தாக்கியபோது பழைய கட்டடம் அழிந்தது. பின்னர் எழுப்பப்பட்ட கட்டடமே இன்று நிற்கிறது.

தேவாலய வளாகத்தில் நெடுங்காலம் ஒரு கப்பலின் பாய்மரம் நின்றிருந்தது. புயலில் சிக்கிய கப்பல் தலைவன் ஒருவன், உயிர் பிழைத்தால் பாய்மரத்தை அன்னைக்குக் காணிக்கையாகத் தருவதாக வேண்டிக்கொண்டான் என்று வழிகாட்டி கூறினார்.

"இஃது உண்மையா?" என்று மகன் கேட்டான்.

"பாய்மரம் இங்கே நின்றது உண்மை, பார்த்தவர்கள் பலர் இருக்கிறார்கள். அஃது எவ்வாறு வந்தது என்பது மக்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருவது. முன்னதைச் 'செய்தி' என்றும் பின்னதைச் 'செவிவழிக் கதை' என்றும் எழுதிக்கொள். இரண்டும் வேண்டும், ஆனால், ஒன்றை மற்றொன்றாக எண்ணிவிடக் கூடாது" என்றார் வழிகாட்டி. மகன் உடனே தன் குறிப்பேட்டில் நடுவே ஒரு கோடு இழுத்து இரு பகுதிகளாகப் பிரித்துக்கொண்டான்.

அப்போது வழிகாட்டி மேலே காட்டி, 'ஜானாலா' என்றொரு சொல்லைக் கூறினார். மகள் மொழிபெயர்க்கும் முன்பே பாட்டி, "ஜன்னலைத்தானே சொல்கிறார்?" என்றார். தமிழின் 'ஜன்னலும்' வங்க மொழியின் 'ஜானாலாவும்' போர்த்துக்கீசியச் சொல்லிலிருந்தே வந்தவை. 'சாவி', 'சாபி' என்பனவும், 'அலமாரி', 'ஆல்மாரி' என்பனவும் அத்தகையனவே. வணிகர் போயினர், அவர்கள் கொண்டுவந்த சொற்கள் இரு மொழிகளிலும் தங்கிவிட்டன.

சின்சுரா: கைம்மாறிய ஊர்

பாண்டேலுக்குத் தெற்கே, சின்சுராவுக்குச் செல்லும் வழியில் ஹூக்ளி இமாம்பாரா உள்ளது. இரண்டு உயர்ந்த கோபுரங்களும் அவற்றின் இடையே பெரிய கடிகாரமும் கொண்ட இக்கட்டடம், ஹாஜி முகம்மது மொக்சின் என்னும் வள்ளல் விட்டுச்சென்ற அறக்கொடையால் 19ஆம் நூற்றாண்டில் எழுந்தது.

சின்சுரா டச்சுக்காரரின் ஊர். அவர்களுடைய பழைய கல்லறைத் தோட்டம் இன்றும் உள்ளது. 1824ஆம் ஆண்டு இலண்டனில் ஓர் உடன்படிக்கை கையெழுத்தானது. அதன்படி டச்சுக்காரர் இந்தியாவிலிருந்த தம் குடியிருப்புகளை ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தனர். ஆங்கிலேயர் சுமத்திராத் தீவிலிருந்த பென்கூலனை அவர்களுக்கு அளித்தனர். சென்னைக்கு வடக்கே உள்ள பழவேற்காடும் இந்த உடன்படிக்கையால் கைம்மாறிய ஊரே.

சந்தன்நகர்: வாக்களித்த ஊர்

நண்பகலில் குடும்பத்தினர் சந்தன்நகரை அடைந்தனர். பிரெஞ்சுக்காரர் அமைத்த ஆற்றங்கரைச் சாலை மரநிழலுடன் அமைதியாக இருந்தது. பூரியைப் போன்ற 'லூச்சி'யையும் உருளைக்கிழங்குக் கறியையும் உண்டபின், இவ்வூருக்குப் புகழ்தரும் 'ஜல்பரா சந்தேசு' என்னும் இனிப்பு வந்தது. பால்கட்டியால் செய்யப்படும் அதன் நடுவே பாகு நிறைந்திருக்கும். மகன் அதைப் பாதியாகக் கடித்ததும் பாகு சட்டையில் ஒழுகியது.

ஆற்றங்கரையில் டியூப்ளே மாளிகை உள்ளது. இப்போது அஃது அருங்காட்சியகம். டியூப்ளே 1731 முதல் சந்தன்நகரின் தலைவராக இருந்து, 1742இல் புதுச்சேரியின் ஆளுநரானவர்.

இந்தியா விடுதலை பெற்ற பின்னரும் சந்தன்நகர் பிரான்சின் ஆட்சியிலேயே இருந்தது. 1949ஆம் ஆண்டு சூன் திங்களில் ஊர்மக்களிடையே வாக்கெடுப்பு நடைபெற்றது. மிகப் பெரும்பான்மையோர் இந்தியாவுடன் இணைய வேண்டும் என்று வாக்களித்தனர். 1950 மே 2 அன்று நிருவாகம் இந்தியாவின் கைக்கு வந்தது. 1954இல் சந்தன்நகர் மேற்கு வங்காளத்துடன் சேர்ந்தது. அதே ஆண்டில் புதுச்சேரியை அடுத்த கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் கூடி வாக்களித்தனர். நவம்பர் 1 அன்று புதுச்சேரி நிருவாகமும் இந்தியாவிடம் வந்தது.

சீராம்பூர்: விலை பேசப்பட்ட ஊர்

மாலையில் வண்டி சீராம்பூரில் நின்றது. டேனியர் 1755ஆம் ஆண்டு இங்கு வணிகத் தலம் அமைத்து, தம் அரசரின் பெயரால் 'பிரெடெரிக்சு நகர்' என்று வழங்கினர். ஆங்கிலேயக் கும்பினி தன் எல்லைக்குள் சமயப் பணியாளர்க்கு அக்காலத்தில் இடம் தரவில்லை. ஆகவே வில்லியம் கேரியும் அவர்தம் நண்பர்களும் டேனியரின் சீராம்பூரில் தங்கி, 1800ஆம் ஆண்டு அச்சகம் ஒன்றைத் தொடங்கினர். பஞ்சானன் கர்மகார் என்னும் வங்கக் கைவினைஞர் அங்கு எழுத்துகளை வார்த்தார். இந்திய மொழிகள் பலவற்றில் நூல்கள் அச்சாயின. 1818இல் சீராம்பூர்க் கல்லூரியும் நிறுவப்பெற்றது.

"தரங்கம்பாடியிலும் டேனியர் காலத்தில் அச்சகம் இருந்தது. சீகன்பால்கு அச்சிட்ட தமிழ் நூல்களைப் பற்றி எங்கள் பள்ளியில் சொல்வார்கள்" என்றார் பாட்டி. அச்சகம் தரங்கம்பாடிக்கு வந்தது சீராம்பூருக்கு ஏறத்தாழ 90 ஆண்டுகள் முன்னர்.

புனித ஒலாவ் தேவாலயத்தின் முகப்பில் டென்மார்க்கு அரசரின் முத்திரை இருந்தது. பாட்டி அதனை நெடுநேரம் நோக்கினார். "எங்கள் தரங்கம்பாடி நுழைவாயிலிலும் டென்மார்க்கு அரசின் முத்திரை உண்டு" என்றார்.

வழிகாட்டி வியந்தார். "மாசிமா, 1845ஆம் ஆண்டு டென்மார்க்கு, சீராம்பூரையும் தரங்கம்பாடியையும் ஒன்றாக ஆங்கிலேயக் கும்பினிக்கு விற்றுவிட்டது. விலை பன்னிரண்டரை இலட்சம் ரூபாய்" என்றார்.

அதுவரை அமைதியாக மொழிபெயர்த்து வந்த மகள், "சந்தன்நகரில் மக்களைக் கேட்டார்கள். இங்கே கேட்டார்களா?" என்று வினவினாள்.

வழிகாட்டி சற்றே எண்ணிப் பார்த்தார். "நான் படித்த நூல்களில் விலை இருக்கிறது, ஆண்டு இருக்கிறது. மக்களைக் கேட்டதாக எதிலும் படித்ததில்லை. இந்தக் கேள்வியை இதுவரை என்னிடம் யாரும் கேட்டதும் இல்லை" என்றார்.

பாட்டி தம் ஊரைப் பற்றிக் கூறத் தொடங்கினார். 'தரங்கம்' என்றால் அலை. கடலை நோக்கி டேனியரின் கோட்டை நிற்கிறது. அக்கோட்டை 1620இல் எழுந்தது. அதற்கும் முன்னரே, பாண்டியர் காலத்தில், கரையோரம் மாசிலாமணிநாதர் கோயில் எழுந்துவிட்டது. அதன் ஒரு பகுதியை அலைகள் கொண்டுபோயின. "வாங்கினவர்களும் போய்விட்டார்கள், விற்றவர்களும் போய்விட்டார்கள். அவர்கள் வருமுன்பே ஊர் இருந்தது, தம்பி; இன்றும் இருக்கிறது" என்றார்.

மகள் அதனை மொழிபெயர்த்தாள். வழிகாட்டி தம் சட்டைப்பையிலிருந்து சிறு குறிப்பேட்டை எடுத்துக் கோயிலின் பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டார். அடுத்த முறை சீராம்பூருக்கு வருவோர்க்குத் தரங்கம்பாடியைப் பற்றியும் சொல்வதாகக் கூறினார். வண்டி திரும்பியபோது மகன் தன் குறிப்பேட்டில் செய்திகளை எண்ணிக்கொண்டிருந்தான். மகள் அதனை வாங்கி, மூன்றாவதாக ஒரு கோடு இழுத்து, 'கேள்வி' என்று தலைப்பிட்டாள்.

சொற்பொருள்

தூர்ந்து – மண் நிறைந்து மேடாகி
வெடியுப்பு – வெடிமருந்து செய்யப் பயன்படும் உப்பு
கும்பினி – வணிகக் குழுமம்
செவிவழிக் கதை – வாய்மொழியாக வழங்கிவரும் கதை
ஆதாயம் – இலாபம்

மொழித்திறன்

வடமொழி தவிர்ந்த பிற மொழிகளிலிருந்து வந்து தமிழில் வழங்கும் சொற்கள் திசைச்சொற்கள் எனப்படும். ஜன்னல், சாவி ஆகியவற்றுக்கு ஈடான தமிழ்ச் சொற்கள் சாளரம், திறவுகோல் என்பன. நும் வீட்டில் வழங்கும் திசைச்சொற்கள் ஐந்தினை எழுதுக.

வினாக்கள்

1. ஐரோப்பியர் ஹூக்ளிக் கரையை நாடி வந்தமைக்குக் காரணம் யாது?
2. தொலைவிலுள்ள ஊருக்கு முதலில் செல்ல வழிகாட்டி கூறிய காரணங்கள் யாவை?
3. பாய்மரம் பற்றிக் கூறப்பட்டவற்றுள் செய்தி எது? செவிவழிக் கதை எது?
4. சின்சுரா, சந்தன்நகர், சீராம்பூர் ஆகிய மூன்றும் கைம்மாறிய முறைகளை ஒப்பிட்டு எழுதுக.
5. "அவர்கள் வருமுன்பே ஊர் இருந்தது" என்று பாட்டி கூறியதன் கருத்தை விளக்குக.

செயல்பாடு

நீவிர் வாழும் நகரத்திலிருந்து ஒரே நாளில் சென்று வரத்தக்க சிற்றூர் ஒன்றைத் தேர்ந்தெடுக்க. அவ்வூரைப் பற்றிச் செய்தி, செவிவழிக் கதை, கேள்வி என்னும் மூன்று தலைப்புகளில் குறிப்பு எழுதுக. அவ்வூரில் நும் பெற்றோரின் ஊரை நினைவூட்டும் ஏதேனும் உண்டா என்று வீட்டிலுள்ள பெரியோரைக் கேட்டு அறிந்து, வகுப்பில் பேசுக.