பின்வரிசைக்காரர்களுக்கு ஒரு முன்வரிசைத் தோழர்: இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன்

(இரண்டாமாண்டு மாணவன், மின்னணுவியல் பிரிவு)



சினிமாப் பாட்டு காதில் விழாத நாள் நமக்கு உண்டா? ராயபுரம் டீக்கடையில் பாட்டு, திருவொற்றியூர் கல்யாண மண்டபத்தில் பாட்டு, எண்ணூர் போகிற ஷேர் ஆட்டோவில் பாட்டு. நல்லா இருந்தால் "மியூசிக் யாருப்பா?" என்று கேட்போம். பக்கத்தில் இருப்பவர் ஒரு பெயர் சொல்வார். அதோடு சரி. வயலின் வாசித்தவர்கள் யார்? தபேலா யார்? கோரஸ் பாடிய பெண்கள் யார்? அவர்களுக்கு அன்றைக்குக் கூலி கொடுத்தார்களா? இதையெல்லாம் நாம் கேட்பதே இல்லை.

இதைக் கேட்ட ஒரு இசையமைப்பாளர் தமிழ்நாட்டில் இருந்தார். அவர் பெயர் எம்.பி. சீனிவாசன். சுருக்கமாக எம்.பி.எஸ். பின்னணிப் பாடகர் பி.பி. ஸ்ரீனிவாஸ் வேறு, இவர் வேறு. நம் வகுப்பில் பலருக்கு இவரைத் தெரியாது. எனக்குச் சொன்னவர் எங்கள் தெருவில் இருக்கும் ரிட்டயர்டு டர்னர் பெரியவர் ஒருவர். "தம்பி, மியூசிக் வாசிக்கிறவங்களுக்கே யூனியன் கட்டினவரு அவரு" என்றார். பாட்டுக்காரர்களுக்கு எதற்கு யூனியன் என்று தோன்றியது. அந்தக் கேள்விக்குத் தேடிப் படித்த விடைதான் இக்கட்டுரை.

மாணவர் இயக்கத்திலிருந்து இசைக்கு

எம்.பி.எஸ். பிறந்தது 1925-ஆம் ஆண்டு செப்டம்பர் 19-ஆம் நாள், சித்தூரில். படித்தது சென்னையில், மாநிலக் கல்லூரியில். சுதந்திரப் போராட்டம் கொதித்துக்கொண்டிருந்த காலம் அது. மாணவர் இயக்கத்தில் சேர்ந்தார், பொதுவுடைமை இயக்கத்துக்கு வந்தார். டெல்லியில் நாடாளுமன்ற உறுப்பினர் ஏ.கே. கோபாலனிடம் செயலாளராக வேலை செய்தார். 1943-இல் தொடங்கப்பட்ட இந்திய மக்கள் நாடக மன்றம், அதாவது 'இப்டா', அவருக்குப் பாட்டுப் பட்டறையாக இருந்தது. கிராமத்துப் பாட்டையும் போராட்டப் பாட்டையும் மேடைக்குக் கொண்டுவந்த அமைப்பு அது. வங்காளத்து சலீல் சௌத்ரியும் அங்கிருந்து வந்தவர்தான்.

அவர் மணந்துகொண்டது ஜாஹிதா கிச்சுலு அவர்களை. 1919 ஏப்ரலில் பஞ்சாபில் டாக்டர் சைபுதீன் கிச்சுலு, டாக்டர் சத்யபால் இருவரையும் வெள்ளையர் அரசு கைது செய்தது. அந்தக் கைதை எதிர்த்தும்தான் ஜாலியன் வாலாபாக்கில் மக்கள் கூடினார்கள் என்று வரலாற்றுப் புத்தகத்தில் படித்திருக்கிறோம் அல்லவா? அந்த கிச்சுலுவின் மகள்தான் ஜாஹிதா. மதம், மொழி, மாநிலம் எல்லாவற்றையும் தாண்டிய திருமணம் அது!

1960: பாதை தெரியுது பார்

தமிழில் அவர் பெயரைச் சொல்ல வைத்த படம் 'பாதை தெரியுது பார்'. 1960-இல் வந்தது. இயக்கியவர் வங்காளத்திலிருந்து சென்னைக்கு வந்த ஒளிப்பதிவாளர் நிமாய் கோஷ். தொழிலாளர் வாழ்க்கையைச் சொன்ன படம். பெரிய முதலாளி யாரும் எடுக்கவில்லை, பல பேர் பணம் போட்டுச் சேர்ந்து எடுத்தார்கள். பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம், கே.சி.எஸ். அருணாசலம், ஜெயகாந்தன் பாட்டு எழுதினார்கள். பட்டுக்கோட்டையார் 1959-லேயே மறைந்துவிட்டார், படத்தைப் பார்க்க அவருக்குக் கொடுத்து வைக்கவில்லை. ஜெயகாந்தனின் பாட்டை பி.பி. ஸ்ரீனிவாஸும் எஸ். ஜானகியும் பாடியிருக்கிறார்கள். அறுபது வருஷத்துக்கு மேல் ஆகியும் அது பழசாகவில்லை. படம் தேசிய விருதில் தகுதிச் சான்றிதழ் பெற்றது. ஆனால் தியேட்டரில் ஓடவில்லை.

அதே 1960-இல் ஜப்பானிலும் இப்படி ஒரு காரியம் நடந்தது. கனேட்டோ ஷிண்டோ என்ற இயக்குநர், பெரிய ஸ்டுடியோக்களை விட்டு வெளியே வந்து நடத்திய சிறிய கம்பெனியில் ஒரு படம் எடுத்தார். தண்ணீர் இல்லாத ஒரு தீவு. ஒரு குடும்பம் படகில் போய்த் தண்ணீர் மொண்டு, காவடி போலத் தோளில் தூக்கிக்கொண்டு மேடேறிப் பயிர் வளர்க்கிறது. அவ்வளவுதான் கதை. வசனம் அநேகமாக இல்லை. அதனால் பேச வேண்டியதையெல்லாம் இசைதான் பேசவேண்டும். இசையமைத்த ஹிகாரு ஹயாஷிக்கு அப்போது வயது முப்பதுகூட இல்லை. 1961-இல் மாஸ்கோ விழாவில் அந்தப் படம் பெரும் பரிசு பெற்றது. லாரித் தண்ணிக்குக் குடம் போட்டு நின்ற நமக்கு அந்தப் படம் மொழிபெயர்ப்பு இல்லாமலே புரியும். இந்த ஹயாஷியும் கோரஸ் இசையில் பெரிய ஆள். அணுகுண்டைப் பற்றிய கவிதைகளைப் பல குரல்களில் அமைத்தவர். எம்.பி.எஸ்.ஸும் ஹயாஷியும் வெவ்வேறு கடற்கரைக்காரர்கள், ஆனால் போன வழி ஒன்று.

ரெக்கார்டிங் தியேட்டரும் ஒரு ஒர்க்‌ஷாப்தான்

இப்போது யூனியன் விஷயத்துக்கு வருவோம். அந்தக் காலத்துப் பாட்டுப் பதிவு எப்படி நடந்தது தெரியுமா? இன்றைக்கு மாதிரி ஒவ்வொருவரையும் தனித்தனி டிராக்கில் பதிவு செய்து, பிறகு கம்ப்யூட்டரில் ஒட்டுவது கிடையாது. பாடகர், கோரஸ், வயலின், புல்லாங்குழல், தபேலா எல்லோரும் ஒரே நேரத்தில் வாசிக்க வேண்டும். கடைசி அடியில் ஒருவர் தப்பினாலும் மொத்தமும் மறுபடி முதலிலிருந்து. ஐம்பது பேரின் கவனம் ஒரு புள்ளியில் நின்றால்தான் ஒரு பாட்டு. நம் அசெம்பிளி லைனைவிடக் கடினமான வேலை இது.

ஆனால் இந்த ஐம்பது பேரும் யார்? நிரந்தர வேலை இல்லாதவர்கள். கூப்பிட்டால் வேலை, கூப்பிடாவிட்டால் இல்லை. ரேட் இவ்வளவு என்று நிச்சயம் இல்லை. இந்த நிலைமை எனக்குப் புத்தகம் பார்த்துத் தெரிய வேண்டியதில்லை. என் அப்பா காண்ட்ராக்ட் லோடுமேன். "சனிக்கிழமை வா, தர்றேன்" என்று மேஸ்திரி சொல்லி, மூன்று சனிக்கிழமை வெறுங்கையோடு அவர் வீடு திரும்பியதைப் பார்த்து வளர்ந்தவன் நான். அம்மா எதுவும் கேட்க மாட்டாங்க. உலை வைக்கலாமா வேண்டாமா என்று முகத்தைத்தான் பார்ப்பாங்க. வயலின் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வீடு திரும்பியவர்கள் வீட்டிலும் இதே முகங்கள்தானே இருந்திருக்கும்?

எம்.பி.எஸ். இசையமைப்பாளர். அதாவது கூலி வாங்குகிற வரிசையில் நிற்க வேண்டாதவர். அவர் நினைத்திருந்தால் தன் பெயர், தன் படம் என்று ஒதுங்கியிருக்கலாம். அவரோ வாத்தியக் கலைஞர்களோடு உட்கார்ந்தார். சென்னையில் சினி மியூசிஷியன்ஸ் யூனியன் உருவானதில் முதன்மையானவர் அவர். வேலை நேரத்துக்குக் கணக்கு, செய்த வேலைக்கு உரிய ஊதியம், கலைஞனுக்கு மரியாதை இவைதான் கோரிக்கை. 'கால்ஷீட்' என்று சினிமாவில் சொல்கிறார்களே, அது நம் ஷிப்ட் மாதிரிதான். நேரம் குறித்தால்தான் கூலி குறிக்க முடியும், அதற்கு மேல் போனால் ஓ.டி. கேட்க முடியும். 1967-இல் உருவான திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான 'பெப்சி'யை அமைத்ததிலும் நிமாய் கோஷோடு அவருக்குப் பங்குண்டு. ஒரே படத்தில் சேர்ந்து வேலை செய்தவர்கள் சங்கத்திலும் சேர்ந்தே நின்றார்கள்.

கேரளம் தந்த இடம்

தமிழில் அவருக்குக் கிடைத்த படங்கள் கொஞ்சம்தான். 1977-இல் ஜான் ஆபிரகாம் இயக்கிய 'அக்ரஹாரத்தில் கழுதை' படத்தில் இசையும் அவரே, கழுதைக் குட்டியை வளர்க்கும் பேராசிரியராக நடித்ததும் அவரே. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது.

மலையாளம்தான் அவரை நிறையப் பயன்படுத்திக்கொண்டது. 1961 நவம்பர் 14-ஆம் தேதி, சென்னை பரணி ஸ்டுடியோவில், 'கால்பாடுகள்' படத்துக்காக ஒரு இளைஞரை முதன்முதலாகப் பாட வைத்தார். பாடியது ஸ்ரீ நாராயண குருவின் வரிகள், சாதி மத வேற்றுமை இல்லாமல் எல்லோரும் வாழும் இடத்தைச் சொல்லும் வரிகள். அந்த இளைஞர்தான் கே.ஜே. யேசுதாஸ்! பிறகு அடூர் கோபாலகிருஷ்ணனின் 'சுயம்வரம்' (1972), 'எலிப்பத்தாயம்' (1981), கே.ஜி. ஜார்ஜின் 'உள்கடல்' (1979), 'யவனிகா' (1982) என்று வரிசையாக வந்தன. 'எலிப்பத்தாயம்' மாதிரிப் படத்தில் வாத்தியக் கூட்டத்தைக் கொட்டவில்லை. எங்கே இசை வேண்டாம் என்று தெரிந்தவர் அவர்.

சேர்ந்திசை: ஒரு சின்னப் பாடம்

1970-களின் தொடக்கத்தில் அவர் ஆரம்பித்தது 'மெட்ராஸ் யூத் கொயர்' என்ற சேர்ந்திசைக் குழு. பாரதியார் பாட்டையும் பல மொழி நாட்டுப் பாட்டையும் பல குரல்களில் பாட வைத்தார். கோரஸ் என்றால் எல்லோரும் ஒரே ராகத்தைச் சேர்ந்து கத்துவது என்று நாம் நினைக்கிறோம். இது அப்படி இல்லை. நம் பிசிக்ஸ் பாடத்தை வைத்தே பார்ப்போம்.

'ச' என்ற சுரத்தை வினாடிக்கு 240 அதிர்வு என்று வைத்துக்கொள்ளுங்கள். 'க' 300, 'ப' 360, மேல் 'ச' 480. 240, 300, 360 ஆகியவை 4:5:6 என்ற விகிதம். முழு எண் விகிதமாக இருப்பதால் மூன்று கூட்டத்தார் மூன்று சுரத்தை ஒரே நேரத்தில் பாடினாலும் காதுக்கு இதமாக ஒன்றிக்கொள்ளும். நம் இசையில் சுரங்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் போகும், இங்கே ஒன்றன்மேல் ஒன்றாக நிற்கும். ஆனால் 'ச' பாடுகிறவர்களில் ஒருவர் 240-உம் இன்னொருவர் 243-உம் பாடினால்? வினாடிக்கு மூன்று தடவை சத்தம் ஏறி இறங்கும். லேபில் இரண்டு டியூனிங் ஃபோர்க்கை வைத்துப் பார்த்தோமே, அதே 'பீட்ஸ்'. அதனால் சேர்ந்திசையில் நன்றாகப் பாடினால் மட்டும் போதாது, பக்கத்தில் நிற்பவர் குரலைக் கேட்டுக்கொண்டே பாட வேண்டும். உரக்கப் பாடுகிறவனுக்கு அங்கே தனி மாலை கிடையாது. யூனியனில் எம்.பி.எஸ். எதைச் செய்தாரோ அதையே மேடையில் சுரமாகச் செய்தார் என்று எனக்குத் தோன்றுகிறது.

1988 மார்ச் 9-ஆம் தேதி லட்சத்தீவில் காலமானார். அவருக்குப் பிறகும் அவர் வளர்த்த குரல்கள் நிற்கவில்லை. திருவனந்தபுரத்தில் அவர் பெயராலேயே ஒரு சேர்ந்திசைக் குழு உண்டானது.

நமக்கு என்ன?

இன்றைக்கு ஒரு கீபோர்டும் சாஃப்ட்வேரும் இருந்தால் முப்பது வயலின் சத்தம் வந்துவிடும். எவ்வளவோ வாத்தியக்காரர்களுக்கு வேலை குறைந்துவிட்டது. நம் பக்கத்துத் தொழிற்சாலைகளில் வெல்டிங் செய்யும் ரோபோ வந்ததும் இதே கதைதான். இதில் நம் நிலை விசித்திரமானது. ஒரு பக்கம் நம் அப்பாக்கள் செய்த வேலையை மெஷின் எடுத்துக்கொள்கிறது. இன்னொரு பக்கம் அந்த மெஷினை மாட்டி ஓட்டப் போகிறவர்கள் டிப்ளமோ முடித்த நாமேதான். மெஷின் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. மின்னணுவியல் படிக்கிற நான் எப்படிச் சொல்வேன்? ஆனால் அது வருகிற அன்றைக்கு, அங்கே வேலை செய்தவர்கள் என்ன ஆனார்கள் என்று கேட்கிற டெக்னீஷியனாக நாம் இருக்கலாம்.

எங்கள் குடும்பத்தில் பத்தாவது தாண்டிய முதல் ஆள் நான். நாளைக்கு எனக்கு சூப்பர்வைசர் சட்டை கிடைத்தால் வீட்டில் எல்லோரும் சந்தோஷப்படுவார்கள். அப்போது என் முன்னால் நிற்கப் போகிறவர் என் அப்பா மாதிரி ஒருவராகத்தான் இருப்பார். அவருக்கு "சனிக்கிழமை வா" என்று சொல்வதா, அவரோடு கணக்குப் புத்தகத்தை விரித்து உட்காருவதா? இரண்டாவதைச் செய்தவர் ஒருவர் நம் சென்னையிலேயே இருந்தார் என்று தெரிந்துகொண்டதில் எனக்குத் தைரியம்.

நண்பர்களே, அடுத்த தடவை ஒரு பாட்டு பிடித்தால், இசையமைத்தவர் பெயரோடு நிறுத்தாதீர்கள். வயலின் யார், குழல் யார், கோரஸ் யார் என்றும் தேடிப் பாருங்கள்.